பதினெட்டு நகம்

ஞாயிறு, விடிகாலை

செவலை வருவதைக் கண்ணுக்கு முன் காது சொல்லிவிடுகிறது. டைல்ஸ் தரையில் டிக், டிக், டிக். அடுப்படி வாசலில் வந்து நிற்கும். நான் பால் பாக்கெட்டைக் கத்தரித்து ஊற்றும்வரை சத்தமில்லை. பிறகு அத்தையின் அறைப் பக்கம் டிக், டிக். முதலில் அந்தச் சத்தம் எனக்குப் பிடித்துத்தான் இருந்தது. கொலுசு போட்ட பிள்ளை வீட்டுக்குள் நடமாடுகிற மாதிரி இருக்கிறது என்று பக்கத்து வீட்டில் பெருமையடித்தேன். விவரம் தெரிந்த பிறகு, கேட்டாலே சுருக்கென்கிறது. நாய் நேராக நிற்கும்போது நகம் தரையில் ஊன்றக் கூடாது. நடையில் சத்தம் கேட்கிறது என்றால் வெட்டவேண்டிய நாள் தாண்டிவிட்டது.

இரண்டு வருடத்துக்கு முன்பு, திருச்சியில் எங்கள் தெருமுனை இஸ்திரி வண்டிக்கு அடியில் படுத்துக் கிடந்தவன். அப்போது அவன் நகத்தை யாரும் வெட்டவில்லை. அதற்கு அவசியமும் இல்லை. தார் ரோடு, சிமென்ட் திண்ணை, வீடு கட்டுகிற இடத்து ஜல்லி, குழி பறித்துப் படுக்கிற மணல் என்று ஆளுக்குக் கொஞ்சமாய்த் தேய்த்துவிடும். தெருநாயின் பாதத்தை ஒருநாள் குனிந்து பார்த்தால் தெரியும், நுனியெல்லாம் சாணை பிடித்தது போல் மழுங்கி இருக்கும். பைக் மோதிப் பின்னங்கால் வீங்கிக் கிடந்த அன்று மூன்றாம் மாடிக்குத் தூக்கிக்கொண்டு வந்தோம். கால் ஆறியது. வழவழப்பான தரை, சோபா, காலையும் மாலையும் இருபது நிமிட நடை. தெரு செய்துகொண்டிருந்த வேலை என் தலையில் வந்து விழுந்தது.

திங்கள்

நாய் நம்மைப் போலக் குதிகாலை ஊன்றி நடப்பதில்லை. விரலில் நடக்கிறது. பின்னங்காலில் முழங்கால் பின்பக்கமாக மடங்கியிருக்கிறதே என்று சின்ன வயதில் ஆச்சரியப்பட்டிருக்கிறேன். அது முழங்காலே இல்லை, குதிகால். விரலில் நடக்கிற உயிருக்கு நகம் நீண்டால், ஒவ்வொரு அடியிலும் தரை அந்த நகத்தை மேலே தள்ளும். விரல் கோணும், மூட்டு நோகும். நோகாமலிருக்கப் பாரத்தைப் பின்னால் சாய்த்து நிற்கப் பழகிக்கொள்ளும். அளவு தப்பின செருப்போடு காலம் தள்ளுகிற மாதிரி. டைல்ஸில் அவன் சறுக்குவதற்கும் இதுதான் காரணமாம். பாத மெத்தை அழுந்திப் பிடிப்பதற்குள் நகம் முந்திக்கொள்கிறது. மருத்துவர் அவன் பாதத்தைத் தன் கட்டைவிரலால் லேசாக அழுத்தி இதைக் காட்டினார்.

நகமும் சதையும் போல என்று சொல்கிறோம். அந்தச் சொல்லை இத்தனை கிட்டத்தில் நான் பார்த்ததில்லை. விரலின் கடைசி எலும்பு நகத்துக்குள் நுழைந்து முடிகிறது. அதன்மேல் ரத்தக் குழாயும் நரம்பும் ஓடுகிற இளஞ்சதை. அதற்கு மேலே உறை போட்ட மாதிரி கெட்டி நகம். அந்த இளஞ்சதைக்கு நம்மிடம் நல்ல சொல் இருக்கிறது: நகக்கண். நகத்தை வளரவிட்டால் நகக்கண்ணும் கூடவே நீளும். அதனால் ஒரே நாளில் வெட்டிச் சரிசெய்துவிடலாம் என்பது நடக்காது. வாரம் ஒருமுறை நுனியை மட்டும் எடுத்துக்கொண்டே வந்தால் அது மெல்லப் பின்வாங்குகிறது. எங்கள் வீட்டில் அதற்கு இரண்டு மாதத்துக்கு மேல் ஆயிற்று.

செவலைக்கு முன்னங்கால் வலதில் மட்டும் வெள்ளை சாக்ஸ் போட்ட மாதிரி ரோமம். அந்தக் காலில் இரண்டு நகம் வெளுப்பு, மற்றதெல்லாம் கறுப்பு. வெளுத்த நகத்தை ஜன்னல் வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்தால் உள்ளே ரோஜா நிறத்தில் ஒரு நிழல், நுனிக்கு முன்னால் நின்றுவிடுகிறது. ராஜபாளையம் வளர்க்கிறவர்கள் பாக்கியசாலிகள், வெள்ளை நாய்க்குப் பல சமயம் எல்லா நகமும் இப்படித் தெரியும் என்று நினைத்துக்கொண்டேன். எனக்கு இரண்டுதான். அந்த இரண்டைப் பார்த்து மீதிக் கறுப்புக்கெல்லாம் குத்துமதிப்பாக அளவு வைத்துக்கொள்கிறேன்.

செவ்வாய்

இன்று நகவெட்டியைத் தொடவில்லை. "செவ்வாய்க்கிழமையும் அதுவுமா நகத்தை வெட்டுறியே" என்று அத்தை போன மாதம் ஒரு சத்தம் போட்டார்கள். நாய்க்கும் அது உண்டா அத்தை என்று கேட்டதற்கு, "வீடு ஒண்ணுதானே" என்று பதில். செவ்வாய், வெள்ளி கூடாது. விளக்கு வைத்த பிறகு கூடாது. மின்சாரம் இல்லாத காலத்தில் இருட்டில் நகம் வெட்டினால் விரல் போகும், வெட்டின துண்டு சோற்றில் விழும், அதற்காகச் சொல்லியிருப்பார்கள் என்று நானே ஒரு நியாயம் கற்பித்துக்கொள்கிறேன். செவ்வாய் வெள்ளிக்கு அந்த நியாயமும் பொருந்தவில்லை. ஆனால் வாரத்தில் இரண்டு நாள் நகவெட்டி கண்ணிலேயே படாமலிருப்பது செவலைக்கு நல்லதாகத்தான் இருக்கிறது.

வெட்டாத நாளில் பழையதை எழுதி வைக்கலாம்.

போன வருடம் ஒரு கடைக்குக் கூட்டிப் போனேன். ஸ்டீல் மேசை. இரண்டு பையன்கள் அமுக்கிப் பிடிக்க மூன்றாமவன் வெட்டினான். ஐந்து நிமிடத்தில் பதினெட்டும் முடிந்தது. ரத்தமில்லை, காயமில்லை, வெட்டில் குறை சொல்ல முடியாது. கீழே இறக்கிவிட்ட பிறகு மேசையைப் பார்த்தேன். நான்கு பாதமும் ஈரமாகப் பதிந்திருந்தன. பயத்தில் மூத்திரம் போய்விட்டான் என்று நினைத்துக் கைக்குட்டையை எடுத்தேன். வியர்வை. நாய்க்கு வியர்வை முக்கியமாகப் பாதத்தின் மெத்தையில்தான். பரீட்சை மண்டபத்தில் நமக்கு உள்ளங்கை ஈரமாவது போல, பயந்தால் அங்கே ஈரம் கோக்கும். ஃபேன் காற்றில் அந்த நான்கு தடமும் ஓரத்திலிருந்து சுருங்கிக்கொண்டே வந்தன. நான் பணத்தை எண்ணிக் கொடுத்துவிட்டு வந்தேன். அடுத்த முறை அந்தத் தெருவுக்குள் ஆட்டோ திரும்பும்போதே நடுங்கினான்.

சரி, வீட்டிலேயே பார்த்துக்கொள்ளலாம் என்று ஒரு ராத்திரி, டி.வி. ஓடிக்கொண்டிருக்க, நம் வீட்டு நகவெட்டியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். எழுதவே வெட்கமாக இருக்கிறது. நம் நகம் தட்டை, அந்த வெட்டியும் தட்டையாக அழுத்துகிறது. நாயின் நகம் உருண்டை. வெட்டுப்படுவதற்கு முன் நசுங்கும், பிளக்கும். வலியே பாதி அந்த நசுக்கலில்தான். கூர் மழுங்கிய வெட்டியும் இதே பாவத்தைச் செய்யும். மூன்றாவது நகத்தில் அவன் காலை உருவினான், நான் விடவில்லை, ஒரு வீல் சத்தம். தரையெல்லாம் சொட்டு.

நகக்கண்ணின் ரத்தம் பார்க்கிறபோது கொலை நடந்த மாதிரி இருக்கும். நல்ல ஆரோக்கியமான நாய்க்கு அதனால் ஆபத்து வருவது அபூர்வம், ஆனால் அந்த நிமிடத்தில் அது யாருக்கு ஞாபகம் இருக்கிறது. மாமாவின் ஷேவிங் பெட்டியில், அவர் போய் ஆறு வருடமாக, ஒரு படிகாரக் கட்டி அப்படியே கிடந்தது. அத்தைதான் எடுத்துக்கொண்டு வந்து கொடுத்தார்கள். நனைத்து நுனியில் வைத்து அழுத்திப் பிடித்தேன். சுவர்க் கடிகாரத்தில் மூன்று நிமிடம். நடுவில் எடுத்து எடுத்துப் பார்க்கக் கூடாது. பார்க்கிற ஒவ்வொரு முறையும் உறைந்தது பிய்ந்துவிடும். இப்போது ஸ்டிப்டிக் பவுடர் ஒரு டப்பா வாங்கி வைத்திருக்கிறேன். இந்த வகைப் பொடிகள் பலவற்றில் இருக்கிற இரும்பு உப்பை 1850களில் ரத்தம் நிறுத்தக் கொண்டுவந்தவர் மோன்செல் என்ற பிரெஞ்சு ராணுவ மருந்தாளுநர். ராணுவத்து மருந்து என் ஹாலுக்கு வந்துவிட்டது. அதுவும் இல்லாவிட்டால் சோளமாவு போதும், ஒரு கிண்ணத்தில் கொட்டி நகத்தை அதில் அழுத்தினால் பிடித்துக்கொள்ளும். அரை மணி நேரமாகியும் நிற்கவில்லையென்றால்தான் மருத்துவரிடம் ஓட வேண்டும். நொண்டுகிறானே என்று நம் மாத்திரை டப்பாவைத் திறக்கக் கூடாது. நமக்குச் சாதாரணமான இபுப்ரோஃபன் நாயின் வயிற்றையும் சிறுநீரகத்தையும் கெடுத்துவிடும்.

காலை உருவினபோது என் மணிக்கட்டில் ஒரு கீறல், லேசாக ரத்தம். குழாயைத் திறந்துவிட்டுச் சோப்புப் போட்டுப் பதினைந்து நிமிடம் கழுவினேன். வருடா வருடம் அவனுக்கு வெறிநாய்க்கடித் தடுப்பூசி போட்டிருந்தும், மறுநாள் காலை மருத்துவமனையில் காட்டிவிட்டுத்தான் வந்தேன். இந்த விஷயத்தில் அசட்டுத் தைரியம் ஆகாது.

நான்கு நாள் அவன் என் அறைக்கு வரவில்லை. அத்தையின் கட்டிலடியிலேயே கிடந்தான்.

புதன்

மறுபடி ஆரம்பித்த விதத்தை எழுதுகிறேன். முதல் வாரம் எதையும் வெட்டவில்லை. நகவெட்டியை டீப்பாய் மேல் வைத்தேன். அவன் அதைப் பார்ப்பான். ஒரு துண்டு வேகவைத்த ஈரல் கொடுப்பேன். நகவெட்டியை எடுத்து உள்ளே வைத்துவிட்டால் ஈரலும் நின்றுவிடும். இரண்டாம் வாரம், கையில் எடுப்பேன், ஈரல். திறந்து மூடுவேன், கிளிக் என்கிற சத்தம், ஈரல். வேகவைக்காத மாக்கரோனியை அவன் காதுக்கு அருகில் ஒடித்தேன், நகம் வெட்டுப்படுகிற அதே சத்தம். ஈரல்.

முறை மாறக் கூடாது. வெட்டி முதலில், ஈரல் பிறகு. நான் ஒருநாள் அவனை வரவழைக்க ஈரலைக் காட்டிவிட்டுப் பிறகு வெட்டியை எடுத்தேன். அடுத்த நாள் ஈரல் வாசனை வந்ததும் சோபாவுக்குப் பின்னால் போய்விட்டான். லஞ்சம் என்று கண்டுபிடித்துவிட்டான். பீட்டர்ஸ்பர்க்கில் பாவ்லோவ் மெட்ரோனோமைத் தட்டவிட்டு அதன் பிறகு உணவு கொடுத்ததும் இந்த வரிசையில்தான். அவருக்கு 1904இல் நோபல் பரிசு கிடைத்தது ஜீரணம் பற்றிய ஆராய்ச்சிக்கு. எச்சில் ஊறுவதை அளக்கப் போய்த்தான் இந்தப் பக்கம் திரும்பினார். அவருடைய நாய்கள் கட்டப்பட்டு நின்றன. செவலைக்கு நான் கட்டு போடவில்லை. எழுந்து போகலாம். அந்த ஒரு சலுகையைக் கொடுத்த பிறகுதான் உட்கார ஆரம்பித்தான்.

போக விரும்புகிறான் என்பதற்கு அவனிடம் நிறையச் சொல் இருக்கிறது. முதலில் முகத்தைத் திருப்புவான். தூக்கம் வராமலே கொட்டாவி. மூக்கு நுனியை ஒருமுறை நக்கிக்கொள்வது. கண்ணின் வெள்ளை பிறை மாதிரி தெரியும். இவ்வளவையும் நான் பார்க்காத மாதிரி இருந்தால் கடைசியில் உறுமல். உறுமினால் அதட்டக் கூடாது என்பதை நான் தாமதமாகத்தான் கற்றுக்கொண்டேன். உறுமலை அதட்டி அடக்கிவிட்டால் அவனுக்குப் பயம் போய்விடாது, எச்சரிக்கைதான் போய்விடும். அப்புறம் கேட்காமல் கடிப்பான். எங்கள் தாத்தா வீட்டு நாய் "திடீர்னு" கடித்தது என்று சொன்ன கதைகளை நினைத்துப் பார்க்கிறேன். எத்தனை முறை கொட்டாவி விட்டிருக்குமோ.

சனி

கறுப்பு நகம் ஒன்றை எப்படி வெட்டுகிறேன் என்று இன்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

காலை பத்து மணி, பால்கனிப் பக்கம் வெயில் சாய்ந்து விழுகிற இடம். கண்ணாடி போட்டுக்கொண்டாயிற்று. எவர்சில்வர் தட்டில் தயிரைத் தடவி முன்னால் வைத்திருக்கிறேன், அவன் நக்கிக்கொண்டிருக்கிறான். நான் அவனுக்கு எதிரே உட்காரவில்லை, பக்கத்தில், அவன் பார்க்கிற திசையையே பார்த்தபடி. இடது கையால் பாதத்தைத் தாங்குகிறேன். கட்டைவிரல் மெத்தைக்கு அடியில், ஆள்காட்டி விரல் மேலே நகத்தின் வேர் அருகில், மெதுவாக அழுத்தினால் நகம் முன்னால் நீள்கிறது. காலைப் பக்கவாட்டில் இழுக்கக் கூடாது, அவன் தோள் அப்படித் திரும்பாது. விரலிடுக்கு ரோமத்தை ஒதுக்குகிறேன்.

கத்தரிப் பிடி உள்ள வெட்டி. நகத்தின் கொக்கி மட்டும் பிளேடுக்குள். முதல் வெட்டு, கடுகளவு. விழுந்த துண்டு பழைய தேங்காய் ஓட்டுச் சில்லு மாதிரி. வெட்டின முகத்தைப் பார்க்கிறேன்: சுண்ணாம்பு போல் உலர்ந்து, நடுவில் ஒன்றுமில்லை. இன்னும் வெட்டலாம். இரண்டாவது வெட்டு, முன்னதைவிட மெல்லிசு. வெளிறிய வட்டம், ஓரத்தில் கறுப்பு வளையம். மூன்றாவது. இப்போது வட்டத்தின் நடுவில் ஒரு புள்ளி, சாம்பல் கலந்த கறுப்பு, மற்ற இடம் உலர்ந்திருக்க அது மட்டும் ஈரமாய் மினுங்குகிறது. சோற்றில் விதை பதம் பார்க்கிற மாதிரி ஒரு நொடி. நிறுத்து. அந்தப் புள்ளிக்கு அப்பால் நகக்கண். ஓரத்துக் கூர்மையை மட்டும் அரத்தால் இரண்டு இழுப்பு.

ஒரு நகத்துக்கு மூன்று வெட்டு, நான்கு வெட்டு. நகத்தால் கிள்ள வேண்டியதற்குக் கோடரி எடுக்காதே என்பார்கள். இங்கே நகத்தையே கிள்ளிக் கிள்ளித்தான் எடுக்க வேண்டியிருக்கிறது. இருட்டில் வாசற்படி தேடுகிற காலைப் போல, இருக்குமோ இருக்குமோ என்று போய் நிற்பது. இந்தப் பத்து நிமிடம் எனக்கு வேறு நினைப்பே வருவதில்லை. பிராணாயாம வகுப்பில் இரண்டு வருடம் உட்கார்ந்து வராதது.

மோட்டார் வைத்துத் தேய்க்கிற கருவியும் விற்கிறார்கள், என் தங்கை வீட்டில் அதுதான். நகம் வழவழவென்று வரும். ஆனால் ஒரே இடத்தில் இரண்டு விநாடிக்கு மேல் வைத்தால் சுடும், நீள ரோமம் சுற்றிக்கொள்ளும். செவலை மிக்ஸி ஓடினாலே பால்கனிக்குப் போய்விடுகிறவன். எங்களுக்கு அது வேண்டாம்.

இன்னொரு ஞாயிறு

அத்தைக்கும் இன்று நகம் வெட்டினேன். எண்பத்திரண்டு வயதில் கால்நகம் தடித்து, மஞ்சளித்து, ஆமை ஓடு மாதிரி ஆகிவிட்டது. குளித்து வந்த ஈரத்தில் கொஞ்சம் இளகியிருக்கும், அப்போதுதான் வெட்ட முடியும். முப்பது வருடமாகச் சர்க்கரை. விரலில் உணர்ச்சி குறைந்துவிட்டது. நேராக வெட்ட வேண்டும், மூலையைத் தோண்டக் கூடாது, சின்னக் கீறல்கூட ஆறாமல் புண்ணாகிவிடும் என்று மருத்துவர் சொல்லியிருக்கிறார்.

செவலை தொடுவதற்கு முன்பே உருவிக்கொள்கிறான். அத்தைக்கு வெட்டினாலும் தெரியாது. பேப்பரைப் படித்துக்கொண்டே, "ஆச்சாம்மா?" என்று கேட்கிறார்கள், நான் இன்னும் ஆரம்பிக்கவே இல்லை. இரண்டு காலில் எது எனக்குக் கஷ்டம் என்றால் அத்தையின் கால்தான். நோகிறது என்று சொல்கிற கால் நமக்குப் பாதி வேலையைச் செய்துகொடுத்துவிடுகிறது.

முடிந்ததும் என் கையைப் பார்த்துவிட்டு, "நாய்க்கு வெட்டினதில்லையே?" என்றார்கள். இது வேற அத்தை, என்றேன்.

புதன்

முன்னங்காலின் உள்பக்கம், கொஞ்சம் மேலே, தரையைத் தொடாமல் தனியாகத் தொங்குகிற ஐந்தாவது நகம். அதைத்தான் எல்லோரும் மறக்கிறார்கள். தரையில் படாததால் தேய்வதே இல்லை. விட்டால் அரிவாள் மாதிரி சுருண்டு சதைக்குள்ளேயே ஏறிவிடும். தெருநாய்களுக்கும் இந்த ஒரு நகம் மட்டும் நீண்டு கிடப்பதைக் கவனித்திருக்கிறேன். பயனற்றது என்று நினைத்திருந்தேன். செவலை எலும்பு கடிக்கும்போது பார்த்தால், இரண்டு முன்னங்காலுக்கும் நடுவில் எலும்பை நிறுத்தி அந்த நகத்தால்தான் அணைத்துப் பிடிக்கிறான், கட்டைவிரல் மாதிரி.

முன்னால் ஐந்தைந்து, பின்னால் நான்கு நான்கு. பெரும்பாலான நாய்க்குப் பதினெட்டு. தாத்தா குட்டி எடுக்கப் போனால் முதலில் கவிழ்த்துப் போட்டு நகத்தை எண்ணுவார். இருபது இருந்தால் யோகம் என்பது அவர் கணக்கு. சில நாய்க்குப் பின்னங்காலிலும் ஐந்தாவது நகம் உண்டு. பெரும்பாலும் எலும்போடு ஒட்டாமல் தோலில் ஆடிக்கொண்டிருக்கும், எங்காவது மாட்டிக் கிழியும். பிரான்ஸில் ஆடு காக்கிற போஸெரோன் என்ற இனத்துக்கு ஒவ்வொரு பின்னங்காலிலும் இரட்டையாகவே இருக்க வேண்டுமாம், இல்லாவிட்டால் கண்காட்சியில் தள்ளிவிடுவார்கள். தாத்தா அங்கே பிறந்திருக்க வேண்டியவர்.

தச்சரிடம் ஒரு பலகைத் துண்டு வாங்கி உப்புத்தாள் ஒட்டி வைத்திருக்கிறேன், நடுத்தரச் சொரசொரப்பு. சாய்த்துப் பிடித்தால் செவலை முன்னங்காலால் சரக் சரக்கென்று பிராண்டுகிறான், மணல் பறிக்கிற ஞாபகத்தில். அவன் தன் நகத்தைத் தானே தேய்த்துக்கொள்கிறான், ஒவ்வொரு பிராண்டுக்கும் கூலி கேட்கிறான். நடு இரண்டு விரல் நன்றாகத் தேய்கிறது. ஓரத்து நகமும் அந்த ஐந்தாவதும் என் பங்கு. பலகையை எடுத்தாலே வால் ஆடுகிறது. தெருவில் ஒரு சாண் அகலத்தை மட்டும் மாடிக்குக் கொண்டுவந்த மாதிரி.

வியாழன், அந்தி

இந்தச் சுற்று ஞாயிறன்று ஆரம்பித்தது. அன்று இடது முன்னங்கால், ஐந்து. திங்கள் இடது பின்னங்கால், நான்கு. நேற்று வெள்ளைக்கால், ஐந்து. இன்று மிச்சம் வலது பின்னங்கால், பைக் மோதின கால். அதைத் தொட்டால் இன்னும் ஒரு கணம் உடம்பு இறுகும். தயிர்த் தட்டில் நக்குவது நிற்கும். நானும் நிறுத்திவிடுவேன். மறுபடி நாக்கு ஓட ஆரம்பித்தால் நானும் ஆரம்பிப்பேன். மூன்று நகம் முடிவதற்குள் ஆறு மணி தாண்டிவிட்டது. தரையில் அவன் பாதம் இருந்த இடத்தைக் கையால் தடவிப் பார்த்தேன். காய்ந்துதான் இருந்தது.

நாலாவது நகத்தை வெட்டிக்குள் வைக்கும்போது பூஜை அறையில் தீக்குச்சி உரசுகிற சத்தம்.

"விளக்கு ஏத்தியாச்சும்மா. எடுத்து வை."

"ஒண்ணுதான் அத்தை பாக்கி."

"ஒண்ணுதானே, இருக்கட்டும்."

நாளைக்கு வெள்ளி. இனிமேல் சனிக்கிழமைதான். நகவெட்டியைத் துடைத்து ஃபிரிட்ஜ் மேல் வைத்தேன். கடைசி ஈரல் துண்டை வாங்கிக்கொண்டு செவலை எழுந்தான், உடம்பை ஒருமுறை உதறிக்கொண்டான், விளக்கு இருக்கிற பக்கம் நடந்தான். ஹாலின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை, நாலு காலுக்கு ஒரு முறை மட்டும், டிக்.